தாழிக்குள் இருப்பவன் பேச வேண்டும்

இருந்தவர்கள்:

எத்தேரி. வீட்டுக்காரி. ஒயினை விற்பதைவிட ஒயின் அறையைக் காட்டுவதில்தான் வரும்படி என்று கணவன் இறந்த பிறகு கண்டுகொண்டவள்.

ஜும்பேர். அவள் கொழுந்தன். கடைசிவரை தரைக்கடியில், தாழிக்குள்தான் இருந்தான்.

லியா. ருஸ்தாவி நகரத்துப் பெண். சுற்றிப் பார்க்கக் காசு கட்டி வந்தவள்.

இடம் ஜார்ஜியாவில் ககேத்தி. திராட்சை அறுப்புக்கு முந்தின வாரம், மதியம்.

— இல்லம்மா, ஒயின் தாழியை முழுசா யாரும் பாக்க முடியாது. வாய் மட்டும்தான் தரையில தெரியும், மிச்சம் பூராவும் மண்ணுக்குள்ள. ஒரு ஆளு உள்ள நின்னா தலை தெரியாது. எங்க மாமனாரோட தாத்தா புதைச்சது.

— உள்ளேருந்து யாரோ பேசற மாதிரி இருக்கே அக்கா.

— யாரோ இல்ல, என் கொழுந்தன். அடுத்த வாரம் திராட்சை வந்துரும், அதுக்குள்ள கழுவியாகணும். ஜும்பேர், விருந்தாளி வந்திருக்காங்க. கெட்ட வார்த்தை வேணாம்.

— கெட்ட வார்த்தையா? பாதிரியார் ஞாயித்துக்கிழமை செஞ்ச பிரசங்கத்தையில்ல தாழிக்குச் சொல்லிக்கிட்டிருக்கேன். வந்தது யாரு அண்ணி, பாட்டு கேக்கற கூட்டமா?

— ஒரே பொண்ணு. பேரு லியா.

— தனியாவா? தனியா ஒயின் குடிக்க வர்ற பொண்ணு ஒண்ணு காதல்ல தோத்தவளா இருக்கணும், இல்லேன்னா பத்திரிகைக்காரியா இருக்கணும். எதும்மா நீ?

— ரெண்டும் இல்லண்ணே.

— கேட்டியா, குரலே சரியில்ல. அண்ணி, முதல் கிளாஸைக் கொஞ்சம் தாராளமா ஊத்து.

— அவன் அப்படித்தாம்மா, வாயை மூடமாட்டான். மூடவும் கூடாது, இங்க அதுதான் சட்டம். தாழிக்குள்ள இறங்கினவன் பேசிக்கிட்டே இருக்கணும். பாடட்டும், திட்டட்டும், ஒண்ணு ரெண்டு எண்ணட்டும். நிறுத்தக் கூடாது.

— எதுக்கு?

— அடியில தங்கின மண்டியிலேருந்து ஒரு காத்து கிளம்பும். அதுக்கு நெடி கிடையாது, வந்தது தெரியாது. முதல்ல முட்டி மடங்கும், அப்புறம் தலை சுத்தும். மேல இருக்கறவங்களுக்கு உள்ள ஒண்ணும் தெரியாது, ஒரே இருட்டு. காதுதான் கண்ணு. பேச்சு நின்னா உடனே கயித்தை இழுத்துக்கிட்டுக் கத்தணும். அவ்வளவுதான் விஷயம்.

— அப்படி யாருக்காவது நின்னிருக்கா?

— எங்க வீட்டுல கிடையாது. மெழுகுவத்தியை இறக்கிப் பாத்துட்டுத்தான் ஆளையே இறக்குவோம். இதைப் பாருங்க, இதுதான் தேய்க்கிற பிரஷ். கடையில கிடைக்காது. செர்ரி மரப்பட்டையை அடுக்கடுக்கா வச்சுத் தைக்கறது.

— உதிருதே.

— உதிரத்தான் செய்யும். ஜும்பேரைக் கேளுங்க.

— நாலு நாளைக்குத் தலை சீவினா பட்டைதான் கொட்டும் தங்கச்சி. என் பொண்டாட்டி தலையணை உறையைத் தனியா வச்சிட்டா. நானே தனியாத்தான் கிடக்கறேன்.

— அக்கா, இதுல ஒரு துண்டு எடுத்துக்கட்டுமா?

— எடுத்துக்கோங்க. சுத்திப் பாக்க வர்ற போலந்துக்காரங்க தோட்டத்து மண்ணையே பொட்டலம் கட்டிக்கிட்டுப் போறாங்க.

— அந்தக் கதவு எங்க போகுது?

— அதுவா, பின்கதவு. தாண்டினா திராட்சைக் கொடிதான். அதைத் திறக்கறதில்ல. நீங்க கட்டின காசுல அது சேராது.

— தோட்டம் இவ்வளவு பக்கமா?

— பக்கம்தான். இந்த ஒயினைக் குடிங்க, சபெராவித் திராட்சை. நாக்குல கறுப்பா ஒட்டும். அது என்ன, ஹார்னா? இன்னைக்கு வர வேண்டிய போலந்துக்காரங்க வந்துட்டாங்க போல இருக்கு. சாயங்காலம் வர்றேன்னுதானே சொன்னாங்க.

— அண்ணி, போகாத.

— வாசல்ல பஸ் நிக்குது ஜும்பேர்.

— நிக்கட்டும். நான் ஏறினப்புறம் போ.

— நீ ஏறி, கால் கழுவி, சட்டை மாத்தறதுக்குள்ள அவங்க அடுத்த வீட்டுல போய் உக்காந்துருவாங்க. இந்தப் பொண்ணு இருக்கால்ல, காதும் இருக்கு. லியா, அவன்கிட்ட எதையாவது கேட்டுக்கிட்டே இரும்மா. அவங்களை மேஜையில உக்கார வச்சுட்டு ஓடி வந்துடறேன்.

— அண்ணி. அண்ணி. போயிட்டாளா?

— போயிட்டாங்க.

— நீ இருக்கியா?

— இருக்கேன்.

— எங்கேயும் போயிடாத. ஃபோன் வந்தா எடுக்காத. ஒண்ணுக்கு வந்தாலும் அடக்கிக்கோ. கேட்டியா? இப்ப எதையாவது கேளு, வாய்க்கு வேலை குடு.

— போன வருஷம் இதை யாரு கழுவினாங்க?

— கேக்கறதுக்கு வேற ஒண்ணும் கிடைக்கலையா? நான் கல்யாணம் பண்ணின கதையைக் கேளு. சிரிப்பு வரும்.

— அதை அப்புறம் கேக்கறேன். போன வருஷம் யாரு?

— ஒரு பையன். குராம்னு பேரு. கூலிக்கு வந்தான். ஒல்லி, அதனாலதான் அண்ணி எடுத்தா. இந்தத் தாழிக்கு வாய் சின்னது, எனக்கே தோள் உரசும்.

— நல்லாப் பேசுவானா?

— பாட வராது. பாடினான்னா கழுதை வந்து எட்டிப் பாக்கும். ஆனா கதை சொல்லுவான் பாரு. சினிமாக் கதை, பட்டாளத்துக் கதை. எல்லாம் தீந்து போச்சுன்னா தங்கச்சி கதை. அவனுக்கு ஒரு தங்கச்சி இருந்தா. ரொட்டியைக் கருக்கறது, வாத்தியாரோட சண்டை போடறது, எல்லாம் அவதான். மேல உக்காந்துக்கிட்டுக் கேட்டுக் கேட்டு எனக்கே அவ தங்கச்சி மாதிரி ஆயிட்டா. ஒரு தடவை என்ன பண்ணினா தெரியுமா? சின்னவளா இருக்கறப்ப. ஆட்டுக்குட்டி அழுக்கா இருக்குன்னு அதைக் குளிப்பாட்டக் கயித்துல கட்டிக் கிணத்துக்குள்ள இறக்கிட்டா.

— அப்புறம்?

— அப்புறம் தெரியாது. பாதியிலேயே நின்னு போச்சு. ஆடு என்னாச்சுன்னு இன்னைக்கு வரைக்கும் எனக்குத் தெரியாது.

— அந்தக் குராம் இப்ப எங்க?

— இல்லம்மா. செத்துட்டான். தோட்டத்துல. நல்ல வெயில், கொடியடியில விழுந்துட்டான். டாக்டர் இதயம்னு சொல்லிட்டாரு. சரி, இப்ப என் கல்யாணக் கதை. எங்க மாமனார் என்ன செஞ்சாருன்னா...

— அந்த ஆடு சாகலண்ணே.

— என்னது?

— ஆடு சாகல. குராம்தான் கிணத்துல இறங்கித் தூக்கிட்டு வந்தான். தூக்கிட்டு வந்து, எனக்கு ஒரு அறை விட்டான். ஏன் நிறுத்திட்டீங்க? பேசுங்க. உங்க அண்ணிதானே சொன்னாங்க, நிறுத்தக் கூடாதுன்னு.

— நீ...

— தங்கச்சி. ரொட்டியைக் கருக்கறவ. பேசுங்க.

— எனக்கு என்ன பேசறதுன்னு தெரியல.

— அப்ப நான் பேசறேன். அவனைக் கொண்டுவந்து எங்க வீட்டுல இறக்கினாங்க. அம்மா தலையைக் கழுவினா. சீப்புல என்னமோ பட்டை மாதிரி வந்துகிட்டே இருந்துச்சு, சிவப்பா, நார் நாரா. எதுன்னு எங்களுக்குத் தெரியல. தோட்டத்துல விழுந்தவன் தலையில என்ன இதுன்னு அம்மா ஒரு வருஷமாக் கேட்டுக்கிட்டிருக்கா. நான் அதைக் காகிதத்துல மடிச்சு வச்சிருந்தேன். இப்ப ஒரு கையில அது, இன்னொரு கையில உங்க அண்ணி குடுத்த துண்டு. ரெண்டும் ஒண்ணுதான். அவன் தோட்டத்துல சாகல. பேசுங்கண்ணே.

— இதுக்குள்ளதான்.

— மேல யாரு இருந்தாங்க?

— நான்தான். நீ நிக்கற இடத்துலதான் உக்காந்திருந்தேன்.

— இருந்துமா?

— வெளிய ஒரு கூட்டம். பாட்டு வேணும்னாங்க. எனக்குக் கட்டைக்குரல், நான் சேரலைன்னா பாட்டுக்கு அடி இருக்காது. அண்ணி கூப்பிட்டா. ஒரே பாட்டு, வந்துடலாம்னா. அவனும் உள்ளேருந்து போயிட்டு வாண்ணேன்னான், ஆட்டுக் கதை உனக்குத்தான் நஷ்டம்னான். ஒரு பாட்டு ரெண்டாச்சு. அவங்க கை தட்டினாங்க. மூணாவதையும் பாடினேன். நான் பாடின சத்தத்துல அவன் சத்தம் நின்னது எனக்குக் கேக்கல. அவ்வளவு நல்லா நான் என்னைக்குமே பாடினது இல்ல.

— அதான் எங்களுக்கு வெயில்னு சொன்னீங்களா?

— ஆமா.

— ஏன் மறுபடி நிறுத்திட்டீங்க?

— அய்யோ, என்ன சத்தமே வரல? ஜும்பேர். ஜும்பேர், பேசு. லியா, ஏன் மரம் மாதிரி நிக்கறே, கயித்தைப் பிடி, இழு. யாராவது வாங்களேன். ஜும்பேர்.

— கத்தாதீங்க அக்கா. உயிரோடதான் இருக்கார். அவருக்குப் பேச ஒண்ணும் இல்ல, அதான்.

— ஜும்பேர், அவ சொல்றது நிஜமா? ஒரு வார்த்தை பேசு.

— இருக்கேன் அண்ணி. இது குராமோட தங்கச்சி.

— யாரு?

— குராமோட தங்கச்சி. தெரிஞ்சு போச்சு.

— நீ சொன்னியா?

— தலைமுடி சொல்லியிருக்கு. மிச்சத்தை நான் சொன்னேன்.

— லியா, வாசக்கதவைச் சாத்தும்மா. அவங்க காதுல விழும். இப்ப நான் சொல்றதைக் கேளு. தப்புதான். இல்லேன்னு சொல்லல. ஆனா செத்தவன் தாழியில செத்தா என்ன, தோட்டத்துல செத்தா என்ன, செத்தவன்தானே? தாழிக்குள்ள ஆளு செத்தான்னு வெளிய தெரிஞ்சா இந்த ஒயினை ஒருத்தன் வாயில வைப்பானா? எனக்கு இந்த அறையை விட்டா என்ன இருக்கு?

— இந்த வருஷமும் இதுலயே ஊத்தப் போறீங்க.

— கழுவிட்டுத்தான் ஊத்தறோம்.

— எனக்கு நஷ்டஈடு வேணாம். போலீசுக்குப் போகணும்னும் வரல. ஒண்ணே ஒண்ணு தெரிஞ்சா போதும், அம்மாவுக்குச் சொல்லணும். அவன் கஷ்டப்பட்டானா?

— இல்லம்மா. அந்தக் காத்து அப்படித்தான். தூக்கம் வர்ற மாதிரி வரும். ஒண்ணும் தெரியாது.

— வெளிய எடுத்தப்போ?

— எடுத்தப்பவே முடிஞ்சு போயிருந்துச்சு. என் புருஷன் மேல சத்தியம். நாங்க செய்யறதுக்கு ஒண்ணுமே இல்ல. இருந்திருந்தா செய்யாம இருப்பமா?

— சரி. அப்படியே சொல்றேன். தூங்கற மாதிரி போயிட்டான்னு சொல்றேன்.

— சொல்லும்மா. அதுதான் நிஜம். இரு, ரொட்டியும் சீஸும் கட்டித் தரேன், அம்மாவுக்குக் கொண்டு போ.

— வேணாம் அக்கா.

— ஜும்பேர், போதும், ஏறி வா. போலந்துக்காரங்க பாட்டு கேக்கறாங்க. சட்டையை வெளிய போட்டிருக்கேன்.

— வரல.

— என்ன வரல? மேஜையில உக்காந்துட்டாங்க.

— இதுக்குள்ள இறங்கினவன் பேசணும்னு நீதானே சட்டம் சொன்னே. மேல வந்தா எனக்கு வாய் வராது அண்ணி. ஒரு வருஷமா வரல.

— ஜும்பேர், வேணாம். அந்தப் பொண்ணு கிளம்பிட்டா. நிம்மதியாப் போகட்டும்.

— லியா, இருக்கியா?

— இருக்கேன்.

— அவனை வெளிய எடுத்தப்போ கண்ணு மூடியிருந்துச்சு, வாய் மூடல. ஆம்புலன்ஸைக் கூப்பிடப் போனேன். அது வந்தா முற்றத்துல விருந்தாளிங்க முன்னாடிதான் நிக்கணும், காத்துப் பட்டாத் தெளிஞ்சிடுவான், முதல்ல அவங்களை அனுப்பிடுவோம்னா அண்ணி. பின்கதவு வழியாத் தூக்கிட்டுப் போய்க் கொடியடியில போட்டோம். அவன் அப்பவும் பேசிக்கிட்டுத்தான் இருந்தான் லியா. ஆடு, கிணறுன்னு. நான் மறுபடி பாட உள்ள வந்தேன், அண்ணி கதவைச் சாத்திப் பூட்டினா.