மாடு குறுக்கே வரும் கட்டம்

ஃபோனில் விளையாடும் பழக்கம் எனக்குக் கிடையாது, மேடம். பஸ்சில் பக்கத்து சீட்டுக்காரர் திரைமேல் குனிந்துகொண்டு விளையாட ஆரம்பித்தால் எழுந்து வேறு இடம் பார்த்துக்கொள்வேன். பல விரல் பட்ட கண்ணாடி எனக்கு ஆகாது. வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தால் அதிலுள்ள பிசுக்கு தெரியும். அப்படிப்பட்ட நான் ஒச்சப்பன் அண்ணனுடைய ஃபோனைக் கையில் எடுத்தேன் என்றால், அவருக்காக எவ்வளவு சகித்துக்கொண்டேன் என்பதை முதலில் நீங்கள் புரிந்துகொள்ள வேண்டும்.

எங்கள் அப்பா காலத்திலிருந்து அவர்தான் எங்கள் ஜீப்பை ஓட்டினார். காலையில் போடியில் பெண்களை ஏற்றிக்கொண்டு, முந்தல் தாண்டி, போடிமெட்டு வளைவுகளில் ஏறி, பூப்பாறைக்கு அந்தப் பக்கம் ஏலக்காய்த் தோட்டத்தில் இறக்கிவிட வேண்டும். பொழுது சாயும்போது திரும்ப அழைத்துவர வேண்டும். அவர் ஓட்டிய வண்டி எங்கேயும் உரசியதுகூட இல்லை. அதனால் காய் எடுக்கப் போகும் பெண்கள் வேறு யார் வண்டியிலும் ஏற மாட்டார்கள். அந்தக் கூட்டத்துக்குத் தலைவி மாதிரி குருவம்மாள் என்று ஒரு பெண். "அண்ணன் வண்டின்னா கண்ண மூடித் தூங்கிக்கிட்டுப் போவோம்" என்பாள். உண்மையிலேயே வாயைத் திறந்துகொண்டு தூங்குவார்கள். அவர்கள் இறங்கிய பிறகு அந்த வண்டிக்குள் எட்டிப் பார்க்கவே என்னால் முடியாது. வெற்றிலை, வியர்வை, ஈரத்துணி, முந்தின நாள் குழம்பு எல்லாம் சேர்ந்த ஒரு வாடை.

காய் எடுப்பு தொடங்கும் நேரத்தில் ஒச்சப்பன் அண்ணனுக்கு லேசான பக்கவாதம் வந்தது. பிழைத்துக்கொண்டார். வாய் மட்டும் ஒரு பக்கம் கோணிவிட்டது. வலது கை சொன்ன பேச்சைக் கொஞ்சம் தாமதமாகக் கேட்டது. மறுபடி பரிசோதித்துப் பார்த்துச் சொல்லும்வரை வண்டி ஓட்டக் கூடாது என்று டாக்டர் சொல்லி அனுப்பினார். விரல்களுக்கு வேலை கொடுக்கச் சொல்லியிருந்ததால், அவருடைய மகள் பொற்கொடி அவர் ஃபோனில் ஒரு விளையாட்டை ஏற்றிக்கொடுத்தாள். மலைப்பாதையில் ஒரு வண்டி போகும். கல் உருளும், லாரி எதிரே வரும், மூன்றாவது கட்டத்தில் மாடு குறுக்கே வரும். விரலை இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ தள்ளி விலக வேண்டும். அவ்வளவுதான்.

நான் பார்க்கப் போனபோது கட்டிலில் உட்கார்ந்து அதைத்தான் விளையாடிக்கொண்டிருந்தார். கடைவாயில் எச்சில் வழிந்து திரையில் சொட்டியது. அதைக் கட்டைவிரலாலேயே துடைத்துவிட்டு மறுபடி விளையாடினார். நான் வாங்கிப் போன ஆப்பிளை அதே கையால் எடுத்து என்னிடமே ஒன்றை நீட்டினார். வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

"மாடு வர்ற எடத்துல மாட்டிக்கிறேன் தம்பி" என்றார். "கண்ணுக்குத் தெரியுது. விரலு போக மாட்டேங்குது. மூணாவது கட்டத்த இடிக்காமத் தாண்டுற அன்னிக்கு வர்றேன். அதுவரைக்கும் ஸ்டியரிங்கத் தொட மாட்டேன். பொம்பளப் பிள்ளைக உசுரு தம்பி."

அவராகவே வைத்துக்கொண்ட பரீட்சை அது. நான் வைக்கவில்லை. இதைக் கொஞ்சம் அழுத்தமாகக் குறித்துக்கொண்டால் நல்லது.

வேறு டிரைவர் தேடினேன். காய் எடுப்பு நேரத்தில் மலை ஓட்டத் தெரிந்தவன் எவனும் சும்மா இருக்க மாட்டான். ஒருவன் கிடைத்தான். அவனிடம் காலையிலேயே சாராய வாடை. பெண்கள் ஏறமாட்டோம் என்று நின்றுவிட்டார்கள். தோட்டத்து மலையாளி மேனேஜர் ஃபோனில் கூப்பிட்டு, "நாளைக்கும் வண்டி வரலேங்கில் ஞான் வேற ஆளப் பாக்கும், கேட்டோ" என்றார். பழுத்த காய் செடியிலேயே வெடித்து உதிர்ந்துகொண்டிருக்கிறது, அவரைக் குறை சொல்ல முடியாது. எங்கள் அப்பாவிடமிருந்து எனக்கு வந்த தொழில் அந்த ஒரு தோட்டத்து ஓட்டம்தான். இவரோ இங்கே கட்டிலில் உட்கார்ந்து ஒரு பொம்மை மாட்டிடம் தோற்றுக்கொண்டிருக்கிறார்.

விளையாட்டின் வேகத்தைக் கூட்டவும் குறைக்கவும் செயலிகள் இருக்கின்றன. வீடியோ பார்த்து நானே கற்றுக்கொண்டேன். "ஃபோன்ல குப்ப நெறைய சேந்திருக்குண்ணே, சுத்தம் பண்ணித் தர்றேன்" என்று கேட்டேன். உடனே கொடுத்தார். ஸ்பிரிட் தொட்ட பஞ்சால் மூன்று தடவை துடைத்த பிறகுதான் என்னால் அதைத் தொட முடிந்தது. செயலியை ஏற்றி, அதன் படம் வெளியே தெரியாதபடி ஒளித்தேன். ஒரேயடியாகக் குறைத்தால் தெரிந்துவிடும் என்பதால் முதலில் கொஞ்சமாகக் குறைத்தேன். பின்னணிப் பாட்டு மட்டும் இழுத்து இழுத்துப் பாடியது. அதனால் சத்தத்தை அடைத்துவிட்டு, ஸ்பீக்கர் போய்விட்டது என்று சொல்லி ஃபோனைத் திருப்பிக் கொடுத்தேன்.

அப்போதும் இடித்தார். அடுத்த முறை போனபோது இன்னும் குறைத்தேன். அதற்கடுத்த முறை, இன்னும். கடைசியில் அந்த மாடு கோவில் காளை மாதிரி நிதானமாக நடந்து வந்தது. யாராக இருந்தாலும் விலகிவிடலாம்.

அவர் ஜெயித்த அன்று நான் பக்கத்தில் இருந்தேன். கொஞ்ச நேரம் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் என்னைக் கட்டிப்பிடித்து அழுதார். "கை வந்துருச்சு தம்பி. கை வந்துருச்சு." அவருடைய கண்ணீரும் எச்சிலும் தோள்பட்டையில் ஊறி, சட்டை உடம்பில் ஒட்டியது. நான் அசையாமல் நின்றேன். அந்தச் சட்டையை அப்புறம் போடவில்லை, கொளுத்திவிட்டேன். ஆனால் அவர் சந்தோஷப்பட்டார், மேடம். டாக்டராலும் மகளாலும் மாத்திரையாலும் தரமுடியாத ஒரு சந்தோஷத்தை நான் கொடுத்தேன். இதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

தேனிக்குப் போய் டாக்டரிடம் காட்டிவிட்டு வருகிறேன் என்றார். "நீங்க வச்ச பரீட்சையில நீங்களே பாஸ் ஆயிட்டீங்க, டாக்டரு வேற எதுக்குண்ணே" என்றேன். சிரித்தார். கோணின வாயால் சிரித்தால் பார்க்க நன்றாக இருக்காது.

வேலைக்கு வருவதற்கு முந்தின நாள் சாயங்காலம் அவரும் பொற்கொடியும் என் வீட்டு வாசலுக்கு வந்தார்கள். பொற்கொடியும் காய் எடுக்கப் போகிறவள்தான். படித்த பெண். அவள்தான் பேசினாள்.

"அண்ணே, அப்பா என் போன்ல அதே கேம வெளாண்டாரு. மொதக் கட்டத்துலயே தோத்துட்டாரு. அவரு போன்ல மட்டும் ஜெயிக்கிறாரு. எனக்கு என்னமோ பயமா இருக்குண்ணே."

ஒச்சப்பன் அண்ணன் குற்றம் செய்தவர் மாதிரி தலையைக் குனிந்துகொண்டு நின்றார்.

"ஒன் போனு புதுசு" என்றேன். "புதுப் போன்ல எல்லாமே தாறுமாறா ஓடும். அதெல்லாம் ஒன்ன மாதிரி சின்னப் பிள்ளைக வெரலுக்குச் செஞ்சது. அப்பா போன்ல ஓடுறதுதான் சரியான வேகம். மலையில என்ன, பறந்துக்கிட்டா போறோம்?"

அவள் என் முகத்தைப் பார்த்தாள். "நீங்க சொன்னா சரிதாண்ணே" என்றாள். அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "வாங்கப்பா, வெரசாப் போயித் தூங்குங்க. காலையில சோலி இருக்கு" என்று கூட்டிப்போனாள். அவர்கள் நின்ற இடத்தில் ஒச்சப்பன் அண்ணனுடைய எச்சில் ஒரு சொட்டு விழுந்திருந்தது. தண்ணீர் ஊற்றிக் கழுவிவிட்டேன்.

ஒரு வாரம் எந்தக் கோளாறும் இல்லாமல் ஓட்டினார். நான் செய்தது சரி என்பதற்கு அந்த ஒரு வாரமே சாட்சி. பெண்கள் தூங்கிக்கொண்டே போனார்கள். தோட்டத்து மேனேஜரும் சந்தோஷமாகப் பேசினார். அதற்கப்புறம் ஒரு நாள், போடிமெட்டுக்குக் கீழே ஒரு வளைவில், காய்கறி ஏற்றின பிக்கப் ஒன்று மேலேயிருந்து வந்தது. இடம் இருந்தது. விலகியிருக்கலாம். குருவம்மாள் உங்களிடமும் சொல்லியிருப்பாள், என்னிடமும் சொன்னாள். "எதுர வந்த வண்டிய அண்ணன் பாத்துட்டாரு. கைதான் வரல."

நான் பைக்கில் பின்னால் வந்துகொண்டிருந்தேன். கூட்டம் கூடுவதற்குள் போய்விட்டேன். ஜீப் பள்ளத்தில் ஒரு மரத்தில் மோதிக் கவிழ்ந்து கிடந்தது. அதற்குள் ரத்தம் இருக்கும் என்று மனதைத் தயார் செய்துகொண்டுதான் இறங்கினேன். நான் எதிர்பார்க்காதது சோற்றுத் தூக்குகள். எல்லாம் உடைந்து, மீன்குழம்பும் ரசமும் தயிரும் அவர்களுடைய முடியிலும் சேலையிலும் அப்பிக் கிடந்தன. வெயில் ஏற ஏற அந்த வாடை மேலே வந்தது. அங்கேயே வாந்தி எடுத்தேன். எனக்கு அழுகை என்று நினைத்து யாரோ முதுகைத் தடவிக்கொடுத்தார்கள். இன்றைக்கும் சாப்பிட உட்கார்ந்தால் அந்த வாடைதான் வருகிறது. இதை நான் யாரிடமும் சொல்லிக்கொள்ளவில்லை. அவரவர்க்கு அவரவர் கஷ்டம்.

பொற்கொடி முன்சீட்டில் இருந்தாள். செத்தது அவளோடு சேர்த்து மூன்று பேர்.

ஒச்சப்பன் அண்ணன் கால் இரண்டும் முறிந்து உயிர் தப்பிவிட்டார். ஆஸ்பத்திரியில் அவரைப் போய்ப் பார்க்காமல் இருக்க முடியவில்லை, ஊர் பேசும். அந்த வார்டின் நாற்றத்தை உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அவர் கையில் அந்த ஃபோன் இருந்தது. கண்ணாடி விரிசல் விட்டிருந்தது, ஆனால் வேலை செய்தது. அதை எப்படியாவது வாங்கிவிட வேண்டும் என்றுதான் போயிருந்தேன். அவர் கொடுக்கவில்லை. விளையாடிக்கொண்டே இருந்தார்.

"இப்பவும் ஜெயிக்கிறேன் தம்பி" என்றார். "படுத்துக்கிட்டே ஜெயிக்கிறேன். மாடு வருது, வெலகிர்றேன். பெறகு எப்படித் தம்பி எம்பிள்ளையக் கொன்னேன்?"

"நடந்தது நடந்துபோச்சுண்ணே. மனசப் போட்டுக் கொழப்பிக்கிறாதீங்க" என்றேன். ஃபோனைக் கேட்டேன், மறுபடி சுத்தம் பண்ணித் தருவதாகச் சொன்னேன். அதை நெஞ்சோடு வைத்து அமுக்கிக்கொண்டார்.

அப்புறம் அவரே அதை உங்களிடம் கொடுத்து, நான் பொய் சொல்லவில்லை, என் கை நன்றாகத்தான் இருந்தது, நீங்களே பாருங்கள் என்று கெஞ்சினாராம். நீங்களும் அதை வாங்கி விளையாடிப் பார்த்தீர்களாம். துடைத்துவிட்டு வாங்கினீர்களா என்று தெரியவில்லை. விளையாடிய உடனே உங்களுக்குச் சந்தேகம் வந்துவிட்டது என்று இங்கே ஏட்டையா சொன்னார். நீங்கள் கெட்டிக்காரர்.

ஆமாம், விளையாட்டின் வேகத்தைக் குறைத்தது நான்தான். ஒப்புக்கொள்கிறேன். அதற்கு என்ன சட்டம் இருக்கிறதோ எனக்குத் தெரியாது. ஆனால் நான் வேண்டுமென்று யாரையும் ஆபத்தில் தள்ளவில்லை. அவர் ஓட்டிவிடுவார் என்று மனதார நம்பினேன். நம்பாமல் அத்தனை பெண்களை ஏற்றி அனுப்புவேனா?

என் மனைவி சுஜாதாவைப் பற்றி நீங்கள் கேட்டதற்கும் பதில் சொல்லிவிடுகிறேன். அன்று காலை பூப்பாறையில் அவளுடைய அக்கா வீட்டுக்குப் போவதற்காக, அவள் ஜீப்பின் முன்சீட்டில் ஏறி உட்கார்ந்திருந்தது உண்மை. நான் ஓடிப்போய்க் கையைப் பிடித்து இழுத்து இறக்கியதும் உண்மை. "இந்த வண்டியில மட்டும் ஏறாத, பஸ்சுல போ" என்று கத்தினேன். எல்லோரும் பார்த்தார்கள். சீட் காலியாகப் போக வேண்டாமே என்று பொற்கொடியை முன்னால் வந்து உட்காரச் சொன்னதும் நான்தான். ஜீப்பின் வாடை சுஜாதாவுக்கு ஒத்துக்கொள்ளாது, மேடம். அதற்காகத்தான் இறக்கினேன்.