கொடியில் விறைத்த சட்டை

— இன்னொரு தடவை படிக்கட்டுமா, கர்டிஸ்?

— காலைலேர்ந்து அதையேதான் படிக்கிறீங்க, இமோஜீன். எனக்கே மனப்பாடம் ஆயிடுச்சு. அச்சகத்துக்காரன் நாலு மணிக்கு மேல ஒரு எழுத்துகூட வாங்க மாட்டேன்னுட்டான். பத்திரிகையோட கடைசிப் பக்கம் காலியா கிடக்கு.

— எங்க காலியா கிடக்கு? அதுலதான் இந்தக் கவிதை வரப்போகுதே. கேளு. முதல் பக்கத்துல அப்பனும் மகனும் உறைஞ்ச ஏரி மேல லாரி ஓட்டிட்டு மீன் பிடிக்கப் போறாங்க. பனிக்கட்டி விரிசல் விடுது. லாரி முங்குது, அப்பனும் போறான். சரின்னு அடுத்த பக்கத்தத் திருப்பினா ஏரியே இல்ல. ஒரு பொம்பளை கொல்லையில துணி காயப்போடறா.

— 'உன் சட்டையை இன்றைக்கும் வெளியே போட்டேன். குளிரில் விறைத்து, இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நிற்கிறது.'

— 'என்னைக் கட்டிக்கொள்ள வந்தவன் மாதிரி. நான்தான் கதவைத் திறக்கவில்லை.' யப்பா. அப்பன் செத்ததுக்கு ஒரு சொட்டுக் கண்ணீர் காட்டாம, நேரா அம்மாவோட கொடிக்குத் தாவிட்டான் பாரு. எனக்குப் பொறாமையா இருக்கு, கர்டிஸ். வெக்கமில்லாம சொல்றேன். பேரு என்ன சொன்ன அந்த ஆளுக்கு?

— ரோலண்ட் பீச்சம். பாலத்துக்கு அந்தப் பக்கம், சுபீரியர் ஊர்ல பல் டாக்டர். நேத்து நீங்களேதான போன்ல கூப்பிட்டு, கவிதைய எடுத்துக்கிட்டோம்னு சொன்னீங்க.

— பேரெல்லாம் எனக்கு எங்க நிக்குது? தேர்ந்தெடுக்கற வரைக்கும் நீ கண்ணுலயே காட்ட மாட்டேங்கற.

— அது நீங்க போட்ட ஏற்பாடு. தெரிஞ்சவங்க பேரைப் பாத்தா மனசு சாயும்னு, பேரில்லாம டைப் அடிச்சுக் கட்டுல வைக்கச் சொன்னது நீங்கதான். பொறாமையா இருந்தா நீங்களும் ஒண்ணு எழுதறது.

— எழுதாமலா இருக்கேன்? தினம் விடிகாலைல இங்க வந்து உக்காந்து எழுதத்தான் செய்யறேன். எழுதினதத் திரும்பிக்கூடப் பாக்காம கசக்கிக் குப்பைத் தொட்டில எறியறேன். லீலண்ட் போனதுலேர்ந்து அதான் பொழப்பு. தேசியப் பரிசு வாங்கின கவிஞர்னு மேடைக்கு மேடை சொல்றானுங்க. அந்தக் கவிஞரப் புருஷனோட சேத்துப் புதைச்சாச்சு. எனக்கு மிச்சம் இருக்கறது இந்தக் காதுதான். நல்ல கவிதை எதுன்னு அது தப்பில்லாம சொல்ற வரைக்கும் இந்த ஆசிரியர் நாற்காலில இருப்பேன். அதுவும் போச்சுன்னா நான் எதுக்கு?

— நான் ஒண்ணும் சொல்லல. கதவத் தட்டறாங்க பாருங்க.

— வரலாமா? மன்னிக்கணும், போன் பண்ணாம வந்துட்டேன். நான் ரோலண்ட் பீச்சம்.

— டாக்டர்! வாங்க வாங்க. கர்டிஸ், கோட்ட வாங்கி மாட்டு. ஏரிக்காத்துல மூக்கெல்லாம் செவந்துபோச்சு பாரு மனுஷனுக்கு. கையில என்ன டப்பா?

— இலவங்கப்பட்டை ரொட்டி. என் மனைவி செஞ்சது.

— மேல சர்க்கரைப்பாகு கொட்டுதே. பல் டாக்டர் வீட்டுலேர்ந்தா?

— அவளுக்கு அவ்வளவு சந்தோஷம், மிஸ்டர் கர்டிஸ். நேத்து போன வெச்சதும் தெரு முழுக்கச் சொல்லிட்டா. என்கிட்ட வர்ற நோயாளிங்க வாயத் திறந்து வெச்சுக்கிட்டே வாழ்த்தறாங்க. அதான்... மன்னிக்கணும், நான் உக்காரலாமா?

— உக்காருங்க டாக்டர். ஏன் கண்ணு இப்படி வீங்கிக் கிடக்கு? இந்தக் கண்ணோடயா பல்லு பிடுங்கறீங்க?

— ராத்திரி பூரா தூக்கமில்ல. நேத்து நீங்க போன்ல ரெண்டாவது பக்கத்தப் படிச்சீங்க. அந்தச் சட்டை. நான் அப்பவே சொல்லியிருக்கணும். வாய் வரல. அது என்னோடது இல்லைங்க.

— என்னது?

— முதல் பக்கம் மட்டும்தான் நான் எழுதினது. சட்டையப் பத்தி நான் எழுதவே இல்ல. என் ரெண்டாவது பக்கத்துல மீட்புப் படை வரும், ஹெலிகாப்டர் வரும், ஊரே கூடி நின்னு அழும்.

— ஹெலிகாப்டரா? இருங்க. கர்டிஸ், போன வாரம் ஒண்ண வேண்டாம்னு தள்ளினேனே, தலையும் இல்லாம வாலும் இல்லாம ஹெலிகாப்டர் ஒண்ணு தனியா பறக்குதுன்னு...

— அதேதான், இமோஜீன். பக்கம் மாறிப்போச்சு போல.

— அப்போ நான் ரெண்டு பேர் எழுதினத ஒரே மூச்சுல படிச்சுட்டு, ஆகா ஓகோன்னு குதிச்சேனா? அந்தத் தாவல், அந்த மௌனம், எதுவுமே யாரும் யோசிச்சு வெச்சது இல்லையா? போச்சு. காதும் போச்சு.

— அப்படிச் சொல்லாதீங்கம்மா. எத்தனையோ வருஷமா அனுப்பி அனுப்பித் திரும்பி வந்தவன் நான். பேசாம இருந்துடலாம்னுதான் நெனச்சேன், பொய் சொல்லல. ஆனா கண்ண மூடினா அந்தச் சட்டை வந்து நிக்குது. அத எழுதினவ எங்கயோ இருக்கா. அவ துக்கத்த என் பேர்ல போட்டுக்க மனசு வரல. என்னோடதையும் வேணும்னா எடுத்துடுங்க.

— எடுக்கறதா? இருங்க, அந்தத் தாளப் பாக்கறேன். 'லாரி இறங்கின இடத்தில் அப்பாவின் தொப்பி மட்டும் மிதந்தது.' இதுக்கு மேல உங்களுக்கு ஹெலிகாப்டர் எதுக்கு, டாக்டர்? இங்கயே முடிஞ்சுபோச்சே கவிதை. முழுசா முடிஞ்சுபோச்சு. இது வருது.

— வருதா? நிஜமாவா? என் மனைவிகிட்ட சொல்லலாமா?

— தெருவுக்கே சொல்லுங்க. பக்கத்துலயே அந்தச் சட்டையும் வருது, தனிக் கவிதையா. கர்டிஸ், காது போகலடா. ஒண்ணுன்னு நெனச்சேன், ரெண்டா கிடைச்சிருக்கு. யாரு அவ? போனப் போடு. சம்மதம் வாங்கிட்டா நேரா அச்சகம்தான்.

— அது வந்து... அவங்க சம்மதிக்க மாட்டாங்க.

— கேக்காமலே சொல்ற. எந்த ஊரு?

— இந்த ஊருதான்.

— கர்டிஸ், நேரம் ஓடுது. கட்டுல தாள அடுக்கினது நீ. யாரோடதுன்னு உனக்குத் தெரியாம இருக்காது.

— தெரியும். கோவப்படக் கூடாது. தொட்டில நீங்க கசக்கி எறியறத, சாயந்திரம் நான் எடுத்துப் பிரிச்சுப் பாப்பேன். நல்லா இருக்கறத டைப் அடிச்சு, கட்டுக்கு நடுவுல சொருகி வெப்பேன். பேரில்லாம.

— நீ...

— ரெண்டு மூணு வருஷமா வெக்கறேன், இமோஜீன். ஒவ்வொண்ணா நீங்களே தள்ளினீங்க. ஒண்ணுக்கு மேல, 'இவர் எழுதுவதை நிறுத்தினால் எல்லோருக்கும் நல்லது'னு எழுதிக் கொடுத்தீங்க. அன்னிக்கு வீட்டுக்குப் போய் அழுதேன் நான். சட்டைதான் முதல் தடவையா நீங்க சரின்னு சொன்னது. டாக்டரோட பக்கத்துக்கு அடியில தப்பா சொருகிட்டேன். நீங்க சரின்னப்புறம்தான் தெரிஞ்சுது, உங்களோடதுன்னு சொன்னா கிழிச்சுடுவீங்கன்னு வாயத் திறக்கல, அவ்வளவுதான் என் தப்பு.

— லீலண்டோட சட்டை.

— ஆமா.

— நீலக் கட்டம் போட்டது. அந்தக் குளிர்காலம் முழுக்க, யாரும் போடாத சட்டையத் தோய்ச்சுத் தோய்ச்சுக் கொடியில போட்டேன். பக்கத்து வீட்டுக்காரி பைத்தியம்னு நெனச்சிருப்பா. அத எழுதினேனா நான்? எழுதியிருக்கேன். எனக்கு இன்னும் வருது, கர்டிஸ். டாக்டர், எனக்கு இன்னும் வருது.

— அழாதீங்கம்மா. ரொட்டி எடுத்துக்கோங்க.

— அழல டாக்டர், சிரிக்கறேன். ரெண்டும் ஒண்ணா வருது. என்னோடதப் பாத்து நானே பொறாமைப்பட்டிருக்கேன், கேவலம்.

— ஆனா அதப் போட முடியாது, இமோஜீன். நம்ம பத்திரிகைல வேலை பாக்கறவங்க கவிதை நம்ம பத்திரிகைல வரக்கூடாது. அதச் சொல்லித்தான என் கவிதையத் திருப்பிக் கொடுத்தீங்க. வேற எங்கயாவது அனுப்புவோம். உங்க பேரப் பாத்தா ஓடி வந்து வாங்குவாங்க.

— பேரப் பாத்து வாங்கறது எனக்கெதுக்கு? டாக்டரோட ஏரிக்குப் பக்கத்துலதான் அந்தச் சட்டை நிக்கணும்.

— ஒரே ஒரு தடவை விதியத் தளர்த்தக் கூடாதாம்மா?

— கூடாது டாக்டர். அடுத்தவன் தலையில வெச்ச விதிய என் தலையிலேர்ந்து இறக்கி வெக்கறதா? கர்டிஸ், மணி என்ன?

— மூணே கால்.

— இங்க வா. இந்த நாற்காலில உக்காரு.

— எதுக்கு?

— உக்காருன்னா உக்காரு. கால நீட்டிக்கோ, நாற்காலி கொஞ்சம் ஆடும், பழகிடும். டாக்டர், நகருங்க, நானும் உங்க பக்கம் வந்து நிக்கறேன்.

— இமோஜீன், என்ன பண்றீங்க நீங்க?

— வணக்கம், ஆசிரியரே. என் பேரு இமோஜீன் ஹாக்லண்ட். இந்த ஊருதான். இப்ப எந்தப் பத்திரிகைலயும் வேலைல இல்ல. ஒரு கவிதை கொண்டு வந்திருக்கேன், படிச்சுப் பாருங்க.