பிளம்லி துரை படத்துக்கு முகம் பாக்கி

அநியாயம் ஓவியரே, பட்டப்பகல் அநியாயம்! இந்த ஜில்லாவுல நியாயமே செத்துப்போச்சு... ஆங்? தலையை ஆட்டக் கூடாதா? சரி, ஆட்டல. வாயையும் மூடணுமா? வயிறு எரியுது, வாயை எப்படிய்யா மூடறது! நீங்க பாட்டுக்குக் காலரை வரைங்க.

எங்க தாத்தா பார்லிமெண்டுக்குப் போனாரு, அப்பா போனாரு. நான் போகலைன்னா பிளம்லி குடும்பத்தை நாய்கூட மதிக்காது. தோத்ததுதான் தோத்தேன், போயும் போயும் அந்த ஒபதியா கிராம்ப்கிட்டயா? சிரிச்சாலே பாவம்னு நினைக்கிறவன்! ஓட்டுப் போட வந்தவங்களுக்கு அவன் என்ன குடுத்தான் தெரியுமா? ஜெபம்! வெறும் ஜெபம்! நான் மாட்டையே அறுத்துப் போட்டேன். பீரைப் பீப்பா பீப்பாவா உருட்டிவிட்டேன்.

மைதானம் பூரா என் ஆளுங்கதான். அவன் பக்கம் ஏதோ கொஞ்சம் பேரு, பாவமா நிக்கறாங்க. 'தலையை எண்ணிடலாமா?'ன்னு தேர்தல் நடத்தற ஷெரிஃப் கேட்டாரு. எண்றதுக்கு இது என்ன ஆட்டுச்சந்தையா? வழக்கப்படி பேரைச் சொல்லிக் கத்தட்டும், எவன் சத்தம் பெருசோ அவனுக்கே பார்லிமெண்ட் சீட்டுன்னு சொல்லிட்டாங்க... சரி, நான்தான் சொன்னேன். அதுக்கென்ன இப்போ?

கத்தினாங்க பாருங்க! 'பி...ளம்...லி'ன்னு, கெழட்டு வாத்து தும்மின மாதிரி! ஒருத்தனுக்கும் தொண்டை இல்ல. அந்தப் பக்கம் 'கிராம்ப்!'னு ஒரே சத்தம், சர்ச் மணிக்கூண்டுமேல இருந்த காக்காயெல்லாம் பறந்துடுச்சு. சூனியம்தான், வேற என்ன?

தொண்டை எப்படிப் போச்சா? அது வந்து... முந்தின நாள் எல்லாரையும் களஞ்சியத்துல கூட்டி, விடிஞ்சதுலேர்ந்து பொழுது சாயற வரைக்கும் என் பேரைக் கத்த வச்சேன். ஒத்திகை பாக்க வேணாமா? என் பொண்டாட்டி டாரதி, 'போதும் விடுங்க'ன்னு தலையில அடிச்சுக்கிட்டா. 'இன்னும் ஒரே ஒரு தடவை'ன்னு நான்தான்... நீங்க ஏன்யா சிரிக்கிறீங்க?

அட, தூரிகையெல்லாம் எடுத்து வைக்கறீங்க? முடிஞ்சுதா? காட்டுங்க... ஆஹா! கறுப்புக் கோட்டு பிரமாதம். ஜெயிச்சுடுவேன்னு முன்னாடியே போடச் சொன்னேனே, கையில பார்லிமெண்ட் சுருள், அதுவும் பிரமாதம். முகம் எங்கய்யா? நான் பேசிக்கிட்டே இருந்தா எப்படி வரையறதுன்னா... நாளைக்கு வாயைத் தெறக்க மாட்டேன், சத்தியமா!

ஓய், படத்தை எங்க தூக்கிட்டுப் போறீங்க? யாரு வீட்டுக்கு? கிராம்ப் வீட்டுக்கா! தன் முகத்தை மட்டும் போட்டா போதும்னு சொல்லிட்டானா? நில்லுங்க ஓவியரே! கோட்டு வேணா அவனுக்குக் குடுங்க, சுருளையும் குடுங்க... அந்தத் தொப்பை என்னோடதுய்யா!