காக்கிக் காற்சட்டையின் கீழ்மடிப்பு

லண்டன் பிளேஸ்டோவில் என் தையல் கடைக்கு வருகிறவர்கள் பெரும்பாலும் காற்சட்டையின் நீளத்தைக் குறைக்கத்தான் வருகிறார்கள். ஆயத்த உடுப்புச் செய்கிறவர்கள் எல்லோருக்கும் நெடிய கால் என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

என் இளைய மகன் ஜெஸ்ரின் பிரிட்டிஷ் இராணுவத்தில் சேர்ந்தபோது, என் பயத்தைப் போக்கவென்று அவர்களுடைய சீருடையின் கதையைச் சொன்னான். முன்பு சிவப்பு உடுத்தினார்களாம். இரத்தம் தெரியாமல் இருக்கவா என்று கேட்டேன்.

"எல்லாரும் உப்பிடித்தான் சொல்லுகினம் அம்மா. வெடிப்புகைக்குள்ள தன்ர ஆள் ஆரெண்டு தெரியத்தான் சிவப்பு."

துவக்குகள் தூரத்துக்குச் சுடத் தொடங்கியதும் சிவப்பு ஆபத்தாகிவிட்டது. இந்தியாவில் துணியைப் புழுதி நிறத்தில் தோய்த்ததில் காக்கி வந்தது. இப்போது இலையும் மண்ணும் கலந்த நிறம்.

"இனி ஒருத்தரும் எங்களைக் காணேலாது" என்றான்.

முள்ளிவாய்க்காலில் நாங்களும் ஒருவரும் காணாமல்தான் இருந்தோம். பதுங்குகுழிக்கு மேலே பனையோலை, அதற்கு மேலே மண். எறிகணை ஆளைப் பார்த்து விழுவதில்லை. மூத்தவன் கொட்வினும் தகப்பனும் அந்தக் குழிக்குள்ளேயே முடிந்தார்கள்.

போன மாசியில் ஜெஸ்ரினை வெளிநாட்டுக்கு அனுப்பக் கட்டளை வந்தது. புறப்படுமுன் ஓர் அணிவகுப்பு. அதற்கு உடுக்கும் காக்கிக் காற்சட்டை நீளம் என்றான். முகாமிலேயே தையற்காரர் உண்டு. நான்தான் கேட்டு வாங்கினேன்.

கீழ்மடிப்பை நாலு நூலோட்டத்தில் பிடித்து, பின்பக்கம் தைக்காமல் ஒரு வாய் விட்டேன். அவனுடைய சப்பாத்தைக் கையில் எடுத்து இரண்டு தரம் பார்த்தேன். குதி அந்த வாய்க்குள் சரியாகப் போய் மாட்டியது. கால் முறிந்தால் ஆறு மாதம் வீட்டில் நிற்பான். மற்றவர்கள் போய்விடுவார்கள். இதைவிடக் குறைவாக ஒரு தாய் எதைக் கேட்பாள்?

அன்று காலை மேல்மாடியில் உடுத்திக்கொண்டு படித்தலைப்பில் வந்து நின்றான். கீழே வா, வெளிச்சத்தில் பார்க்க வேண்டும் என்றேன்.

முறிந்தது கழுத்து. அதற்குக் கீழே ஒன்றும் அசையாது. தடக்கி விழுந்ததாக ஆஸ்பத்திரியில் எழுதிக்கொண்டார்கள்.

இப்போது முன்னறையில் கட்டில் போட்டிருக்கிறேன். குளிப்பாட்டுவதும் சவரம் செய்வதும் நானே. மூன்று நாளைக்கு முன் அந்தக் காற்சட்டையைக் கொண்டுவரச் சொன்னான். முகத்துக்கு நேரே பிடித்தேன். மடிப்பை வெகுநேரம் பார்த்தான்.

"வேணுமெண்டு செய்தனீங்களோ?"

"ஓம். உன்னை அனுப்ப எனக்கு ஏலாது."

அன்றிலிருந்து வாய் திறக்கிறானில்லை, பேச்சுக்கும் இல்லை, சாப்பாட்டுக்கும் இல்லை. கரண்டியைக் கொண்டுபோனால் பல்லைக் கடித்துக்கொள்கிறான். இன்றைக்கு நாலாம் நாள். வீட்டுக்கு வரும் நேர்ஸ் பயப்படுகிறாள்.

நான் பயப்படவில்லை. பிள்ளைகள் கோபித்தால் அப்படித்தான். பசித்ததும் தாயிடம்தான் வருவார்கள்.