குறையில்லாப் படத்துக்குப் பதினோரு திருத்தங்கள்

ஐந்து மணி நேரப் பேட்டியை ஐம்பது நொடியில் அடக்கியும் பேசியவரின் நட்பை இழக்காத நயத்தகு நாயகியே, காட்சிகளைக் கோத்துக் காலத்தைக் கட்டிவைத்த கைவல்லவரே, மாடம்பாக்கம் ஆவணப்படக் கூடத்தின் மூத்த இயக்குநரே, எங்கள் லோகநாயகி அம்மையாரே, வணக்கம்.

முப்பத்தோராண்டுப் பணி, நாற்பத்து நான்கு படங்கள். பொங்கலுக்கு முந்தின நாள் பெருங்களத்தூர் நெரிசலில் நின்றுபோன பேருந்தில் மடிக்கணினியைத் திறந்து, அரைமணி நேரப் படமொன்றைத் தொகுத்து, பெயர்ப்பட்டியலும் சேர்த்து நீங்கள் மூடியபோது, பேருந்து அடுத்த கடைவரைகூட நகர்ந்திருக்கவில்லை. பீர்க்கன்கரணை ஏரி நாரைகள் உங்கள் கேமராவைக் கண்டதும் வெளிச்சம் விழும் பக்கம் திரும்பி நின்றதை ஒலிப்பதிவாளன் ஜெபராஜாகிய நான் கண்ணால் கண்டேன். ஐயமுடையோர் நாரைகளைக் கேட்டுக்கொள்ளலாம்.

எவர் பேசி முடித்தாலும் மூன்று நொடி மௌனத்தை விட்டுவைப்பது உங்கள் வழக்கம். "உடனே வெட்டினா மூஞ்சியில கதவைச் சாத்தின மாதிரி இருக்கும் சார்" என்பீர்கள்.

இனி ஒரு குற்ற ஒப்புதல். கையிலுள்ள படம் முடிந்த பின்னரே பணி ஓய்வு என்பது நம் கூடத்து விதி. உங்கள் கடைசிப் படமாகிய ஏரிப்படம் சென்ற ஆடியிலேயே முடிந்துவிட்டது. ஒப்புதல் கையெழுத்திட வேண்டிய நாங்களோ ஒலியில் இரைச்சல், நீரில் நிறம் போதாது என்று பதினோரு முறை திருப்பி அனுப்பினோம். ஒளிப்பதிவாளர் ஃபிரெடி, "கொக்கு கொஞ்சம் குண்டா தெரியுது மேடம்" என்றுகூட எழுதினார். குறை எதுவுமில்லை அம்மா. நீங்கள் போகக் கூடாது, அவ்வளவுதான்.

நேற்று இதைச் சொல்ல உங்கள் மேசையருகே வந்தேன். நீங்கள் திரையிலிருந்து கண்ணெடுக்கவில்லை.

"பதினோரு தடவையும் ஒண்ணுமே மாத்தல சார். அதே காப்பிதான். ஏழாவது தடவை 'இப்ப பரவால்ல'ன்னு வேற சொன்னீங்க."

"அப்ப ஏம்மா ஒவ்வொரு தடவையும் ரெண்டு வாரம் எடுத்துக்கிட்டீங்க?"

கண்ணாடியைக் கழற்றித் துடைத்தீர்கள். துடைத்துக்கொண்டேயிருந்தீர்கள்.

"சைன் பண்ணிடுங்க சார். இன்னொரு தடவை திருப்பி அனுப்பினா நான் வாங்கிடுவேன்."

தாயே, நாளை முதல் தொகுப்பறையில் ஏசியைக் குறைக்கச் சொல்ல ஆளில்லை. நாங்கள் குளிரிலேயே இருந்துகொள்கிறோம். நீங்கள் முழங்கால் நோவின்றி, பார்வை மங்காது, இன்றைய நாரைக்குஞ்சுகள் கொள்ளுப்பேரன் எடுக்கும் காலம்வரை நலமோடு இருங்கள்.

ஏரிப்படத்தில் குறை ஏதும் இல்லையென உறுதிகூறி, மனமே இல்லாமல் கையொப்பமிடுவோர்:

ஜெபராஜ், ஃபிரெடி, எப்சி
மற்றும் கூடத்துப் பணியாளர் அனைவரும்
மாடம்பாக்கம்