இருபத்து மூன்றாம் நாள்

ஆவணப்படம் எடுப்பவனுக்குக் காமிராவைவிட நல்ல செருப்புதான் முக்கியம் ஸார். அன்னபூரணி அக்காவோடு நடந்தே இரண்டு ஜோடி தேய்த்தேன்.

அக்காவுக்கு பவானிபூரில் சின்ன இட்லிக் கடை. கணவர் கிருஷ்ணசாமிக்கு நினைவு தப்பிக்கொண்டிருந்தது; தமிழ் தவிர மற்ற பாஷை மறந்தே போயிருந்தது. மார்ச்சில் ஒரு காலை, காளிகாட் மெட்ரோ வாசலில் அக்கா பூ வாங்கத் திரும்பிய நேரம், அவரைக் காணவில்லை. மறுநாளே நான் போய் நின்றேன். பதினொரு வருடத்தில் நான் எடுத்த நான்கு படங்களும் திரைப்பட விழாக்களிலிருந்து திரும்பி வந்திருந்தன. மனிதர்கள் உண்மையாக இருக்கிறார்கள், கதைதான் இல்லை என்றார்கள். வயது நாற்பத்தைந்து. வேறு தொழில் தெரியாது. அக்காவிடம் கதை இருந்தது.

ஆஸ்பத்திரி, ரயில் நிலையம், பிணவறை என்று புகைப்படத்தோடு ஏறி இறங்கினார். எல்லாவற்றையும் எடுத்தேன். இருபத்து மூன்றாம் நாள் அவருக்குக் காய்ச்சல். ஊருக்கு வெளியே ஒரு காப்பகத்துக்கு நான் மட்டும் போனேன்.

அங்கே இருந்தார். மொட்டைத் தலை, யாருடைய சட்டையோ. அங்கே வேலை பார்க்கும் ஷபானா, அண்ணன் என்று அழைத்து வங்காள மொழியில் சொன்னாள்: "தாதா, இவர் பேசுறது யாருக்கும் புரியல. உங்க பாஷையான்னு பாருங்க."

கிருஷ்ணசாமி என் கையைப் பிடித்தார். "அன்னம் எங்கப்பா? கடை தொறந்தாச்சா?"

மூன்றே வாரத்தில் கிடைத்துவிட்டால் அது படமில்லை, செய்தி. "எங்க பாஷை இல்ல, வேற ஏதோ," என்றேன்.

நான் கல்நெஞ்சக்காரன் இல்லை. மாதம் ஒருமுறை பிஸ்கட்டோடு போய் உட்கார்ந்திருப்பேன். பேசமாட்டேன், ஷபானா காதில் விழுந்துவிடும். துர்கா பூஜை அஷ்டமியன்று, ஊரே தெருவில் இருக்கும்போது, அக்காவைக் காப்பகத்துக்கு அழைத்துப் போய்ப் படமெடுப்பதென்று முடிவு செய்திருந்தேன்.

மழைக்காலத்தில் ஒருநாள் அக்கா நடைபாதையிலேயே உட்கார்ந்துவிட்டார். "முடியல தம்பி. உசுரோட இருக்காரான்னு தெரிஞ்சாப் போதும். இருப்பாரா?"

"இருப்பார் அக்கா," என்றேன். உண்மையைத்தான் சொன்னேன்.

பூஜைக்கு ஒரு வாரம் முன்பு ஷபானா போன் செய்தாள். நெஞ்சுச் சளி, காலையில் போய்விட்டார். ஏதோ தகவல் வந்திருக்கிறது என்று அக்காவை அழைத்துக்கொண்டு, காமிராவோடு கிளம்பினேன்.

வாசலிலேயே ஷபானா அழுதுகொண்டு வந்தாள். "வாங்க தாதா. ஆறு மாசமா உங்கள விட்டா அவரப் பார்க்க யாரு வந்தா?"

அக்காவுக்கு வங்காள மொழி நன்றாகத் தெரியும். உள்ளே போகவில்லை. அழவும் இல்லை. என்னையே பார்த்தார்.

"ஒங்களுக்குத் தெரியுமா தம்பி?"

"தெரியும் அக்கா."

ஆமாம் ஸார், மறைத்தது நான்தான். தன் பாஷையில் ஒரு வார்த்தை கேட்காமல் அவர் செத்ததற்கும் நானே காரணம். வாக்குமூலத்தில் எங்கே கையெழுத்து வேண்டுமோ போடுகிறேன். நீங்கள் எடுத்துவந்த ஹார்ட் டிஸ்க்கை மட்டும் பத்திரமாக வையுங்கள். என்னைப் பார்த்த அந்த முகம் அதில் முழுதாக இருக்கிறது. பாவம், அக்காவின் கதையைச் சொல்ல என்னை விட்டால் அவருக்கு வேறு யார்?