திருட்டுப் பிரதிக்கு ஒரு பொருள்

காலையில் எனக்குக் காபியும் கறுப்பு ரொட்டியும் போதும். இங்கே காவலிலும் அதையே தருகிறீர்கள். குறையொன்றும் இல்லை. கேட்டதற்கெல்லாம் சொல்லிவிடுகிறேன்.

டேனிஷ்–ருமேனிய அகராதிச் செயலியை நான் தனியாளாகச் செய்தேன். கணவர் போன பிறகு அதுதான் எனக்குத் துணை. எங்கள் ஊர் ஸ்கேயன் துறைமுகத்துக்கு மீன் வேலைக்கு வரும் ருமேனியர்களுக்காகச் செய்தது. யாரோ அதன் பூட்டை உடைத்து, அவர்கள் தங்கும் விடுதி முழுக்கத் திருட்டுப் பிரதியைப் பரப்பிவிட்டார்கள்.

வழக்குப் போடச் சொன்னார்கள். நான் சண்டைக்காரி அல்ல. சொற்களெல்லாம் என் கணினியிலிருந்துதான் போகின்றன. திருட்டுப் பிரதிகளுக்கு மட்டும் சிலவற்றை மாற்றி அனுப்பினேன். ரொட்டி கேட்க நினைத்தவர் சோப்பு கேட்டார். பேக்கரியே சிரித்தது. ஆனாலும் ஒருவரும் செயலியைக் காசு கொடுத்து வாங்கவில்லை. அதனால் அன்றாடம் புழங்கும் சொற்களுக்கு வந்தேன். டேனிஷில் 'எஃப்டர்' என்றால் 'பிறகு'. அவர்களுக்கு 'முன்பு' என்று காட்டினேன்.

டோரின் என் வீட்டு மாடியில் குடியிருந்தவர். பனி கொட்டினால் சொல்லாமலே என் வாசலையும் சேர்த்து வழித்துவிடுவார். படகின் மீன் கிடங்கைக் கழுவும் வேலை கிடைத்ததும் கைபேசியோடு வந்து நின்றார். கிடங்கின் வாயிலில் மாட்டியிருந்த பலகையைப் படம் பிடித்திருந்தார்: 'காற்றோட்டம் விட்ட பிறகே உள்ளே இறங்கவும்.' அழுகிய மீனின் வாயு ஒரே மூச்சில் ஆளைச் சாய்த்துவிடும். எங்கள் ஊரில் இது குழந்தைக்கும் தெரியும்.

"இந்த 'எஃப்டர்'க்கு 'முன்பு'ன்னு காட்டுது, அஸ்ட்ரிட். அப்போ மொதல்ல எறங்கிட்டு, அப்புறமா காத்தாடி போடணுமா? உங்க ஊர்ல எல்லாமே தலைகீழாத்தான் இருக்கும் போல" என்று சிரித்தார்.

"எந்த அகராதில பாத்தீங்க?"

அவர் முகம் சிவந்துவிட்டது. "கூட இருக்கறவங்க குடுத்தாங்க. சம்பளம் வந்ததும் உங்களோடத வாங்கிடறேங்க."

"அகராதி சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்றேன். நல்ல குரலில்தான் சொன்னேன்.

மறுநாள் காலை அவர் இறங்கினார். அவரைத் தூக்கப் போன நண்பரும் மேலே வரவில்லை.

விபத்து அறிக்கையைப் படித்துப் புரிந்துகொள்ள டோரினின் மனைவி ருமேனியாவிலிருந்தே என் செயலியைக் காசு கொடுத்து வாங்கினாள். நான் கொன்றேன் என்று எழுதுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் அவளுக்குப் போன பிரதியில் ஒரு சொல்கூடப் பிழை இல்லை. அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.